கை மட்டும்தான் தெரியும்

வடக்குவெளி
3.12.2024

மகள் அறிவுமதிக்கு,

சின்னம்மா கண்ணாத்தாள் எழுதுவது. இங்கே எல்லாரும் சுகம். இந்தக் காலத்தில் யார் கடிதம் எழுதுகிறார்கள் என்று சிரிக்காதே. போன் உன் சித்தப்பா சட்டைப் பையில் இருக்கிறது. வாய்க்காலில் தண்ணீர் முறை எப்போது என்று அதில்தான் சொல்கிறார்கள், அதனால் அவர் அதைக் கீழே வைப்பதே இல்லை. நீ குரல் பதிந்து அனுப்பினால் தெருவுக்கே கேட்கிற மாதிரி போட்டுப் பார்ப்பார். எட்டாவது வரை படித்த எழுத்து இதற்காவது உதவட்டும். பதிலை அங்கன்வாடி கமருன்னிஸா டீச்சர் பெயருக்குப் போடு. அது பிரித்துப் பார்க்கிற ஆள் இல்லை.

விஷயத்துக்கு வருகிறேன். நீ டீச்சர் போனுக்கு அனுப்பிய படத்தைப் பார்த்தேன். சொன்னபடி என் முகம் இல்லை. குரலையும் என்னமோ செய்து தடிப்பாக்கி வைத்திருக்கிறாய். நாற்றுப் பறித்து முடி கட்டுகிற என் கை மட்டும் வருகிறது. கூடவே நான் சொன்னதெல்லாம் வருகிறது. கர்ப்பப்பை கீழே இறங்கியது, ஆறு வருஷமாகத் துணியைச் சுருட்டி வைத்துக்கொண்டு நடவுக்குப் போவது, தும்மல் வந்தால்கூடப் பயந்து உட்கார்ந்துவிடுவது, எல்லாம். கேட்கும்போது யாரோ பாவம் பேசுகிறாள் என்றுதான் எனக்கே இருந்தது.

ஆனால் தாயி, அது என் கை. நாங்கள் பதினொரு பேர் வரிசையாகக் குனிந்து நடுகிறோம். முகத்தை யார் பார்க்கிறார்கள்? டீ குடிக்க வரப்பில் ஏறினால்தான் முகம். மற்ற நேரமெல்லாம் பக்கத்தில் இருப்பவள் கையும் குதிகாலும்தான். ரெத்தினத்துக்கு மச்சம் எந்தக் கன்னத்தில் என்று கேட்டால் யோசிப்பேன். அவள் சுண்டுவிரல் கோணலை எங்கே பார்த்தாலும் சொல்வேன். என் இடது கட்டைவிரல் நகம் இரண்டாகப் பிளந்தது. முடி கட்டும்போது வைக்கோலை இரண்டு தரம் முறுக்குகிறவள் எங்கள் கூட்டத்தில் நான் ஒருத்திதான். என் நாற்று முடி தண்ணீரில் மிதந்தால் "கண்ணாத்தா கட்டினது" என்று தூக்கி என் பக்கம் போடுவார்கள். நீ முகத்தை மறைத்துவிட்டு ஆளைக் காட்டி வைத்திருக்கிறாய்.

அந்தப் பகுதியை எடுத்துவிடு. கோபமாக எழுதவில்லை, கேட்டுக்கொள்கிறேன்.

உன் அம்மா எப்படி இருக்கிறார்? ஆபரேஷன் ஆனவர், குளிர் நாளில் பத்திரமாக இருக்கச் சொல்.

சின்னம்மா
கண்ணாத்தாள்

*

சென்னை
10.12.2024

அன்புள்ள சின்னம்மாவுக்கு,

உங்கள் கடிதத்தை நாலைந்து தடவை படித்தேன். உங்கள் பயம் எனக்குப் புரியாமல் இல்லை. ஆனால் கொஞ்சம் நிதானமாக யோசிக்கச் சொல்கிறேன்.

படம் நாற்பது நிமிடம். அதில் பன்னிரண்டு நிமிடம் நீங்கள். மற்ற இடங்களில் டாக்டர் பேசுகிறார், நர்ஸ் பேசுகிறார், நான் பேசுகிறேன். இந்த நோயோடு வயலில் இறங்குகிற ஒரு பெண் தன் வாயால் பேசுவது உங்கள் பகுதி ஒன்றில்தான். திருவாரூர், கீழ்வேளூர் பக்கமெல்லாம் எட்டு மாதம் அலைந்தேன். எத்தனை பேர் வீட்டுக் கதவைச் சாத்தினார்கள் என்று உங்களுக்கே தெரியும். உங்களை எடுத்துவிட்டால் பெண்களைப் பற்றி மற்றவர்கள் பேசுகிற இன்னொரு படம்தான் மிஞ்சும்.

ஜனவரி 25, சனிக்கிழமை, திருவாரூரில் ஒரு கல்யாண மண்டபத்தில் திரையிடுகிறோம். முந்நூறு பெண்கள் வருகிறார்கள். பிறகுதான் இணையத்தில் போடுவோம். அந்த முந்நூறு பேரில் உங்களைப் போல எத்தனை பேர் துணியைச் சுருட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள் என்று நினைத்துப் பாருங்கள். ஒருத்தி பேசினால் பத்துப் பேர் ஆஸ்பத்திரிக்குப் போவார்கள். என் அம்மாவுக்கு அன்று இப்படி ஒரு படம் கிடைத்திருந்தால் ஒன்பது வருஷம் மறைத்திருக்க மாட்டார்.

ஒப்புதல் தாளில் நீங்கள் கையெழுத்துப் போட்டிருக்கிறீர்கள் என்பதைக் குத்திக்காட்டுவதற்காகச் சொல்லவில்லை. அதைப் படித்துக் காட்டித்தான் வாங்கினேன். "கை மட்டும்தான் தெரியும்" என்று அப்போது நான் சொன்னபோது நீங்களும் சரி என்றீர்கள்.

நகம் தெரியாதபடி நிறத்தைக் கொஞ்சம் இருட்டாக்குகிறேன். அது போதும் என்று நம்புகிறேன்.

அன்புடன்
அறிவு

*

வடக்குவெளி
18.12.2024

மகள் அறிவுமதிக்கு,

கையெழுத்துப் போட்டேன், இல்லை என்று சொன்னேனா? நீ முகத்தைக் காட்ட மாட்டேன் என்றாய். முகம் என்றால்தான் ஆள் என்று நானும் நினைத்துவிட்டேன். அன்றைக்கு வரை என் கையை நானே வெளியிலிருந்து பார்த்தது கிடையாது. படத்தில் பார்த்தபோதுதான் தெரிந்தது. நிறத்தை இருட்டாக்கினால் முறுக்கு மாறுமா?

ஊர் பேசும் என்பதற்கு மட்டும் நான் பயப்படவில்லை. உன்னிடம் சொல்லாத ஒன்று இருக்கிறது. சொல்லாமல் நீ அசைய மாட்டாய் போலிருக்கிறது.

இறங்க ஆரம்பித்தபோது உன் சித்தப்பாவிடம் சொல்ல வெட்கமாக இருந்தது. பக்கத்தில் படுக்கவும் முடியாது. மாரியம்மனுக்கு நேர்ந்துகொண்டேன் என்று சொன்னேன். திருப்பூரில் பையன் வேலை நிலைக்க வேண்டும், அதற்காக ஏழு வருஷம் நாம் தனித்தனிப் பாய் என்றேன். அவர் என்ன சொன்னார் தெரியுமா? "நீ மட்டும் வேண்டுதல் இருந்தா போதுமா, நானும் இருக்கேன்" என்று அன்றைக்கே செருப்பைக் கழற்றினார். ஆறு வருஷமாக வெறுங்கால். சித்திரை வெயிலில் தார் ரோட்டில் தத்தித் தத்திப் போவார். குதிகால் வெடித்து ரத்தம் வரும், நான் விளக்கெண்ணெய் தடவிவிடுவேன். தடவும்போதெல்லாம் சொல்லிவிடலாம் என்று வாய் வரைக்கும் வரும். வந்தது திரும்பிப் போய்விடும்.

"ஆறு வருஷமாகத் துணி வைத்துக்கொண்டு" என்று படத்தில் நான் சொல்கிறேன். அவருக்குக் கணக்குத் தெரியாதா? யார் யாரோ பார்த்துவிட்டு வந்து சொல்வதில் அவர் இதைத் தெரிந்துகொள்ள வேண்டுமா?

யாரிடமும் பேசாத நான் உன்னிடம் ஏன் பேசினேன்? உன் அம்மாவுக்கும் இதேதான் என்று நீ அழுதாய். அதனால்தான். அன்றிலிருந்து அவர் எனக்கு அக்கா, அதனால்தான் நீயும் என்னைச் சின்னம்மா என்கிறாய்.

எனக்கும் ஆபரேஷன் செய்யத்தான் வேண்டும் என்று நர்ஸ் சொல்கிறது. யாரைக் கேட்பது? வரும் திங்கட்கிழமை கீழ்வேளூர் போய் உன் அம்மாவைப் பார்க்கப் போகிறேன். எத்தனை நாள் வலித்தது, பிறகு குடம் தூக்க முடிகிறதா, அனுபவப்பட்டவரிடம் கேட்டால்தானே தெரியும். பள்ளிக்கூடத்துக்குப் பின்தெரு என்று சொல்லியிருக்கிறாய், விசாரித்துக்கொள்வேன்.

சின்னம்மா
கண்ணாத்தாள்

*

சென்னை
21.12.2024
விரைவு அஞ்சல்

அன்புள்ள சின்னம்மா,

உங்கள் கடிதம் இப்போதுதான் வந்தது. டீச்சர் போனுக்கு அடித்துக்கொண்டே இருக்கிறேன், எடுக்கவில்லை. நாகூர் போயிருக்கிறார் என்று யாரோ சொன்னார்கள்.

தயவுசெய்து கீழ்வேளூர் போகாதீர்கள். அம்மாவுக்கு இப்போது உடம்பு சரியில்லை. அதோடு அந்த விஷயத்தைப் பற்றி யாராவது பேசினாலே அவருக்குப் பிடிக்காது. என்னிடமே பேச மாட்டார். நீங்கள் கேட்க வேண்டியதை எனக்கு எழுதுங்கள், நான் கேட்டுச் சொல்கிறேன்.

உங்கள் பகுதியைப் பற்றியும் யோசிக்கிறேன். கையையே மங்கலாக்கி, பார்த்தால் எதுவும் தெரியாதபடி செய்ய முடியுமா என்று பார்க்கிறேன். சித்தப்பாவைப் பற்றி எழுதியது மனசை என்னவோ செய்துவிட்டது. கொஞ்சம் பொறுங்கள்.

போகாதீர்கள்.

அறிவு

*

வடக்குவெளி
2.1.2025

அறிவுமதிக்கு,

உன் கடிதம் செவ்வாய்க்கிழமை வந்தது. நான் திங்கட்கிழமையே போய்விட்டேன்.

ஒரு சீப்பு வாழைப்பழம் வாங்கிக்கொண்டு போனேன். நோயாளி வீட்டுக்கு வெறுங்கையோடு போகக்கூடாது அல்லவா. "அறிவுமதி வீடு எது" என்று கேட்டதும் "மங்களாம்பிகை டீச்சர் வீடா" என்று காட்டினார்கள். அப்போதே எனக்கு ஒரு மாதிரி இருந்தது. வயலில் நட்டு நட்டு உடம்பு போனது என்றல்லவா நீ சொன்னாய்?

உன் அம்மா மாடிப்படியில் துணிக்கூடையைத் தூக்கிக்கொண்டு இறங்கி வந்தார். என்னைவிட நிமிர்ந்து நடக்கிறார். உட்காரச் சொல்லி, காபி போட்டுக் கொடுத்தார். நான் மெதுவாகக் கேட்டேன். "ஆபரேஷன் பண்ணினப்ப ரொம்ப வலிச்சுதாங்க?"

"எந்த ஆபரேஷன்?"

"உங்களுக்கு நடந்ததுங்க."

"எனக்கு ஒரு ஆபரேஷனும் நடக்கலையேம்மா. ரெண்டு பிள்ளையும் சுகப்பிரசவம். நான் வயக்காட்டுப் பக்கம் போனதுகூட இல்ல, எங்கம்மா விடவே மாட்டாங்க, படின்னுதான் சொல்வாங்க. யார் சொன்னது உங்களுக்கு?"

காபி டம்ளர் கையில் சுட்டது. கீழே வைக்கத் தோன்றவில்லை. உன் படம் கூடத்தில் மாட்டியிருக்கிறது, பட்டம் வாங்குகிற படம். அதைப் பார்த்துக்கொண்டே சொன்னேன். "மன்னிச்சுக்குங்க டீச்சர், வீடு மாறி வந்துட்டேன் போலிருக்கு. நான் தேடுறது வேற அறிவுமதி."

அவர் பழத்தை எடுத்துப்போகச் சொன்னார், நான் வைத்துவிட்டு வந்துவிட்டேன். பஸ்ஸில் உட்கார இடம் இருந்தும் நின்றுகொண்டே வந்தேன். ஏன் என்று கேட்டால் தெரியாது.

உன்னைக் காட்டிக்கொடுத்திருக்கலாம். உங்கள் மகள் உங்களை நோயாளியாக்கி ஊரெல்லாம் சொல்லி அழுகிறாள் என்று ஒரு வார்த்தை போதும். என் வாயில் வரவில்லை. பெற்றவள் முகத்தைப் பார்த்தேன், விட்டுவிட்டேன். உன் பொய்யை நான் மூடி வைத்தேன். என் கையை மூட உனக்கு என்ன கஷ்டம்?

நான் உனக்குச் சின்னம்மா இல்லை. அது உன் அம்மா வழியாக வந்த முறை, அந்த அம்மாவே இல்லை.

கண்ணாத்தாள்

*

சென்னை
8.1.2025

கண்ணாத்தாள் அம்மா அவர்களுக்கு,

என்ன சொல்லி அழைப்பது என்று தெரியாமல் மூன்று தாளைக் கிழித்தேன்.

நான் சொன்னது பொய். அன்றைக்கு உங்கள் வீட்டுக்கு நான் வந்த மூன்றாவது நாள். நீங்கள் "எனக்கு ஒண்ணும் இல்லம்மா" என்று எழுந்துவிட்டீர்கள். என் கூட வந்தவர்கள் கேமராவைப் பெட்டிக்குள் வைக்கத் தொடங்கினார்கள். அந்த நிமிஷம் "என் அம்மாவுக்கும் இதேதான்" என்று என் வாயில் வந்தது. நீங்கள் திரும்பி உட்கார்ந்தீர்கள். என் கையைப் பிடித்துக்கொண்டீர்கள். அதன் பிறகு நான் அதை எப்படித் திரும்ப எடுப்பது? அழுதது நடிப்பில்லை. ஆனால் எதற்காக அழுதேன் என்று இன்று யோசித்தால் படம் கிடைத்துவிட்ட நிம்மதியில் அழுதேனோ என்று சந்தேகமாக இருக்கிறது.

அந்தக் கதை நான் புனைந்ததும் இல்லை. வேறு ஊரில் ஒரு அம்மாவுக்கு நடந்தது. ஒன்பது வருஷம் மறைத்தது, ஆபரேஷன், எல்லாம் அவருடையது. "கேமராவைத் தொட்டா எழுந்து போயிடுவேன், உனக்குத் தெரியணும்னுதான் சொல்றேன்" என்று சொல்லிவிட்டுத்தான் பேசினார். நான் கேமராவைத் தொடவில்லை. அவர் கதையைத் தூக்கி என் அம்மாவுக்குப் போட்டு உங்களிடம் கொடுத்துவிட்டேன்.

இதற்குப் பிறகும் உங்கள் பகுதியை எடுக்கிறேன் என்று ஒரு வரியில் எழுதிவிட வேண்டும். எழுத வரவில்லை. படத்துக்குப் பொறுப்பாக இருக்கும் சூர்யபிரகாஷிடம் கேட்டேன். "கையெழுத்து இருக்குல்ல, அப்புறம் என்ன?" என்கிறார். நான் சொன்னது பொய்தான், ஆனால் நீங்கள் சொன்னது உண்மை. என் பொய்யால் உங்கள் உண்மையும் வீணாக வேண்டுமா என்று ஒரு மனசு கேட்கிறது. அதைக் கேட்கிற தகுதி எனக்கு இல்லை என்று இன்னொரு மனசு. 25ஆம் தேதிக்குள் முடிவு செய்துவிடுவேன். இப்போதைக்கு இவ்வளவுதான் நேர்மையாக எழுத முடிகிறது.

அறிவுமதி

*

வடக்குவெளி
17.1.2025

அறிவுமதிக்கு,

நீ இரண்டு மனசை வைத்துக்கொண்டு உட்கார்ந்திரு. எனக்கு அதற்கு நேரமில்லை. உன்னை நம்பி இருபத்தைந்தாம் தேதி வரை உயிரைக் கையில் பிடித்துக்கொண்டிருக்க என்னால் முடியாது. நானே அவரிடம் சொல்லிவிட்டேன்.

மாட்டுப் பொங்கல் அன்றைக்கு மாட்டைக் குளிப்பாட்டிவிட்டு வாய்க்கால் படியில் உட்கார்ந்திருந்தார். காலைத் தேய்த்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் போய் உட்கார்ந்து முழுக்கச் சொன்னேன். இறங்கினது, துணி, நீ வந்தது, கேமரா, எல்லாம். வேண்டுதல் என்று ஒன்று இல்லவே இல்லை என்பதைக் கடைசியில் சொன்னேன்.

நோயைப் பற்றிச் சொல்லும்போது "அய்யோ, சொல்லியிருக்கலாமே" என்றுதான் கேட்டுக்கொண்டிருந்தார். கடைசியைச் சொன்னதும் தேய்க்கிற கை நின்றுவிட்டது. "அப்ப நான் யாருக்காக செருப்பு போடாம இருந்தேன்?" என்று கேட்டார். "ஆத்தாவ ஏண்டி நடுவுல இழுத்த?" என்றார். எழுந்து போய்விட்டார்.

மறுநாள் திருவாரூர் போய்ச் செருப்பு வாங்கி வந்திருக்கிறார். சாதா ரப்பர் செருப்பு இல்லை, நல்ல தோல் செருப்பு. வீட்டுக்குள் வரும்வரை கழற்றுவதில்லை. சோறு போட்டால் சாப்பிடுகிறார். பேச்சு இல்லை. அந்தச் செருப்புச் சத்தம் வாசலில் கேட்டாலே கைவேலையை விட்டுவிட்டு எழுந்து நிற்கிறேன். ஆறு வருஷம் அவர் வந்ததே தெரியாது.

இப்போது ஒன்றை நன்றாகக் கேட்டுக்கொள். அவருக்குத் தெரிந்துவிட்டதே, இனி இந்த அம்மாவுக்கு என்ன பயம், போட்டுவிடலாம் என்று நினைக்காதே. பயத்தில்தான் வேண்டாம் என்றேன், சரி. இப்போது பயம் இல்லாமலும் வேண்டாம் என்கிறேன். அன்றைக்கு நான் பேசியது அனுபவப்பட்ட ஒரு அக்காவின் மகளிடம். முந்நூறு பேரிடம் இல்லை.

டீச்சர் எங்கள் கூட்டம் முழுவதையும் வேன் வைத்துத் திருவாரூருக்கு அழைத்துப்போகிறதாம், உன் படத்துக்குத்தான். நான் மட்டும் வரவில்லை என்றால் ஏன் என்று கேட்பார்கள். வருகிறேன். நீ என்ன செய்திருக்கிறாய் என்று எல்லாரோடும் சேர்ந்து பார்க்கிறேன்.

கண்ணாத்தாள்

*

சென்னை
27.1.2025

கண்ணாத்தாள் அம்மா அவர்களுக்கு,

இத்துடன் நீங்கள் கையெழுத்துப் போட்ட ஒப்புதல் தாள். நகல் எதுவும் என்னிடம் இல்லை. நீங்கள் பேசிய பதிவுகளை அழித்துவிட்டேன், சூர்யபிரகாஷிடம் இருந்ததையும் பக்கத்தில் நின்று அழிக்க வைத்தேன். அவர் இனிமேல் என்னோடு வேலை செய்ய மாட்டார்.

உங்கள் பொங்கல் கடிதம் 21ஆம் தேதிதான் கைக்கு வந்தது. எடுத்துவிட்டேன் என்று உடனே உங்களுக்குத் தெரிவித்திருக்க வேண்டும். டீச்சரிடம் ஒரு வார்த்தை சொல்லி அனுப்பியிருக்கலாம். அதைச் செய்யாமல் வெட்டி ஒட்டுவதிலேயே மூன்று நாளும் போய்விட்டது. நீங்கள் தெரியாமலே வந்து அந்தக் கூட்டத்தில் உட்கார்ந்திருக்கிறீர்கள் என்பது மேடையில் நின்றபோதுதான் உறைத்தது.

அம்மாவை அழைத்திருந்தேன். மூன்றாவது வரிசையில் இருந்தார். மேடையில் நான் சொன்னதைக் கேட்டிருந்தார். வெளியே வந்ததும் "வாழைப்பழம் வச்சுட்டுப் போனாங்களே, அவங்களா?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். அதன் பிறகு என்னிடம் பேசவில்லை.

அறிவுமதி

*

வடக்குவெளி
3.2.2025

அறிவுமதிக்கு,

தாள் வந்தது. அடுப்பில் போட்டுவிட்டேன்.

மண்டபத்தில் நான் இருந்த இருப்பை நீ தெரிந்துகொள்ள வேண்டும். பதினொரு பேரும் ஒரே வரிசை. நான் இரண்டு கையையும் முந்தானைக்குள் வைத்துக்கொண்டேன். விளக்கு அணைப்பதற்கு முன்னால் துணைக்கு வந்த ஆண்கள் உட்கார்ந்திருந்த பக்கத்திலிருந்து செருப்புச் சத்தம் வந்தது. இவர்தான். வேனில் ஏறும்போதுகூடப் பேசாத மனுஷன் குனிந்து, "எந்திரிச்சுப் போயிடலாமா?" என்று கேட்டார். பத்து நாளைக்குப் பிறகு அதுதான் முதல் பேச்சு. "இருக்கட்டும், உக்காருங்க" என்றேன். போகாமல் என் பக்கத்துச் சுவரோரம் நின்றுகொண்டே பார்த்தார்.

டாக்டர் வந்தது, நர்ஸ் வந்தது. ஒவ்வொரு தடவையும் வயல் வரும்போது முந்தானையை இன்னும் இறுக்கிக்கொண்டேன். நடுவில் ஒரு இடத்தில் தண்ணீரில் ஒரு நாற்று முடி தனியாக மிதந்தது. அதை நீ கவனிக்கவில்லை போலிருக்கிறது. ரெத்தினம் என் தொடையில் தட்டி, "உன் முடிடி, ரெட்டை முறுக்கு" என்று சிரித்தாள். அதோடு பேச்சு எதுவும் இல்லை, வெறும் முடிதான். கை வரப்போகிறது என்று கண்ணை மூடிக்கொண்டேன். திறந்தபோது படம் முடிந்து விளக்குப் போட்டுவிட்டார்கள்.

"பாதிக்கப்பட்டவங்க யாருமே பேசலையா?" என்று ஒரு அம்மா எழுந்து கேட்டது. "பேசினாங்க. நான் பொய் சொல்லிப் பேச வச்சேன், அதனால எடுத்துட்டேன்" என்று நீ சொன்னாய். எல்லாரும் கை தட்டினார்கள். அது எனக்குப் பிடிக்கவில்லை. செய்த தப்புக்கும் உனக்குக் கைதட்டல் கிடைத்துவிட்டது. நான் தட்டவில்லை. தட்டினால் கையை வெளியே எடுக்க வேண்டும்.

உன் அம்மா பேசுவார். பெற்றவர்கள் எத்தனை நாள் பேசாமல் இருக்க முடியும்? இவரும் இப்போது இரண்டொரு வார்த்தை பேசுகிறார். செருப்பை மட்டும் விடவில்லை, போட்டுக்கொள்ளட்டும்.

எனக்குத் தஞ்சாவூர் ஆஸ்பத்திரியில் நாள் கொடுத்திருக்கிறார்கள். பிப்ரவரி பதினேழு. இவர் கூட வருகிறார். நீ வர வேண்டாம். உனக்கு ஒரு வேலை இருக்கிறது.

யாருடைய கதையை எடுத்து உன் அம்மாவுக்குப் போட்டாயோ, அந்த அம்மா வீட்டுக்குப் போ. கேமராவும் வேண்டாம், நோட்டும் வேண்டாம். எந்த ஊர், என்ன பேர் என்று எனக்கு எழுதாதே. யாருக்காகக் கேட்கிறாய் என்றால் ஒருத்திக்கு என்று சொல், உன் அம்மாவுக்கு என்று சொல்லாதே. சொல்ல மாட்டேன் என்றால் எழுந்து வந்துவிடு, இரண்டாம் தரம் கேட்காதே. சொன்னால் சொன்னபடி எழுது. மயக்கம் தெளிந்த பிறகு எத்தனை நாள் வலித்தது, தண்ணீர்க் குடம் எப்போது தூக்கினார், குறுவை நடவுக்கு வயலில் இறங்கிக் குனிய முடிந்ததா. கீழ்வேளூருக்கு நான் கேட்கப் போனது இதைத்தான், இன்னும் எனக்கு யாரும் பதில் சொல்லவில்லை.

பதினேழாம் தேதிக்குள் கிடைக்கிற மாதிரி போடு.

கண்ணாத்தாள்